தம்பிக்கு முழங்கிய பீரங்கி

எங்கள் அடாக்பாத் துறைமுகத்தில் ஒரு வியாபாரி எவ்வளவு பெரியவன் என்று தெரிந்துகொள்ள அவன் வீட்டுக்குப் போக வேண்டியதில்லை. அவன் கப்பலுக்குப் போய் இறங்கும்போது காதைக் கொடுத்தால் போதும். ஆற்றில் நங்கூரம் போட்டு நிற்கும் வெள்ளைக்காரக் கப்பல், சரக்குப் பேச வரும் ஊர்க்காரனுக்கு மரியாதையாகப் பீரங்கி முழக்கும். சின்ன ஆளுக்கு ஒன்று, நடுத்தர ஆளுக்கு மூன்று, பெரிய ஆளுக்கு ஐந்து. மீன் கழுவுகிறவள்கூடக் கையை நிறுத்திவிட்டு எண்ணுவாள். ஒரோக்குக்கு எப்போதும் மூன்றுதான். அவன் தம்பி எகானெமுக்கு ஐந்து. ஒரோக்கின் கதையைச் சொல்ல வந்தவன் நடுவில் இருக்கும் இந்த இரண்டு வெடியைச் சொல்லிவிட்டால் பாதி வேலை முடிந்தது.

அவர்களுக்கு ஒரே அப்பா, வேறு வேறு அம்மா. ஒரோக் எட்டு நாள் மூத்தவன். அந்த எட்டு நாளை ஆயுள் முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தான். அப்பா செத்ததும் படகுகளைச் சரிபாதியாகப் பிரித்துக் கொடுத்தார்கள். வேலையும் ஒன்றுதான். கப்பல்காரனிடம் துணி, துப்பாக்கி, செப்புக் கம்பி, சாராயம் எல்லாம் வாங்கிக்கொண்டு மேலாற்றுச் சந்தைக்குப் போவார்கள். அங்கே சண்டையில் பிடிபட்டவர்கள், வழியில் தூக்கிக்கொண்டு வரப்பட்டவர்கள், பஞ்சத்தில் விற்கப்பட்டவர்கள் என்று கிடைத்த ஆட்களை வாங்குவார்கள். கையைக் கட்டிப் படகின் அடியில் போட்டுக்கொண்டு வந்து கப்பலில் ஏற்றிவிடுவார்கள். கப்பல் அவர்களைக் கடலுக்கு அப்பால் கரும்புத் தோட்டங்களுக்குக் கொண்டுபோகிறது என்று கேள்வி. அப்படிப் போன ஒருவரும் திரும்பி வந்து சொன்னதில்லை. எங்கள் ஊரில் நல்ல துணி, நல்ல வீடு என்று எதைப் பார்த்தாலும் அதற்குப் பின்னால் இந்தப் படகுதான் நின்றது. அதை யாரும் உட்கார்ந்து யோசிக்கவில்லை. ஒரோக்கும் யோசிக்கவில்லை, அவன் யோசனை முழுக்க எகானெம் மேல்தான் இருந்தது.

எகானெம் ஒரு மழைக்காலத்தில் லிவர்பூலிலிருந்து மரவீடு ஒன்றை வரவழைத்தான். பலகை பலகையாகக் கப்பலில் வந்து, தச்சனும் கூடவே வந்து, கண்ணாடிச் சன்னலும் மாடிப்படியுமாக எழுந்து நின்றது. ஊரே போய்ப் பார்த்தது, ஒரோக் மட்டும் போகவில்லை.

"மரத்து மேல ஏறித் தூங்குறது குரங்கு பண்ற வேல" என்று கள் குடிக்கும் இடத்தில் சொன்னான். ஆனால் சாயங்காலம் வேலி ஓரமாக நடந்து போகும்போது, தம்பி படியேறும் சத்தத்தை நின்று கேட்டுவிட்டுத்தான் போவான். மண்தரையில் நடந்தால் அப்படிச் சத்தம் வருவதில்லை.

அடுத்தது செருப்பு. எகானெமின் மூத்த மகனை ஒரு கேப்டன் லிவர்பூலுக்குக் கூட்டிப் போய் எழுத்துப் படிக்க வைத்துத் திருப்பிக் கொண்டுவந்து விட்டான். பையன் கறுப்புத் தோல் செருப்பும் வெள்ளைக் காலுறையுமாக இறங்கினான். கப்பல்காரர்களின் கடிதங்களை அப்பனுக்கு வாசித்துக் காட்டினான். "செருப்புப் போட்டா காலு அழுகிப் போயிடும்" என்றான் ஒரோக். அன்று வீட்டுக்கு வந்து தன் மகன் எனாங்கின் சேறு படிந்த கால்களையே வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தான். எனாங்குக்கு அப்போது பத்து வயது இருக்கும். மற்ற பிள்ளைகள் எல்லாம் பெண்கள். இவன் ஒருவன்தான் ஆண்.

ஒரோக்குக்குச் சிரிக்கவே தெரியாது என்று நினைத்துவிட வேண்டாம். அவனிடம் ஒரு நகைச்சுவைக் கதை இருந்தது. ஒரு தடவை மேலாற்றுச் சந்தையில் தாடையில் தழும்புள்ள ஒரு கிழங்கு வியாபாரி இரண்டு ஆட்டுக்கிடாக்களை இழுத்துக்கொண்டு அவனிடம் வந்தான்.

"ஐயா, போன மாசம் நீங்க வாங்கிட்டுப் போனீங்களே, அதுல ஒரு பையன் என் மகன்யா. திருட்டுப் பயலுக தூக்கிட்டுப் போய் வித்துட்டானுக. இந்தக் கிடா ரெண்டயும் வச்சுக்குங்க. அவனக் குடுத்துடுங்க."

"கப்பல் போயிடுச்சேப்பா."

"எந்தப் பக்கம் போச்சுங்க?"

"ஆத்துக்கிட்டக் கேளு. அதுக்குத்தான் தெரியும்."

துடுப்புக்காரர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அதிலிருந்து கள் உள்ளே போனால் ஒரோக் இந்தக் கதையை எடுத்துவிடுவான். ஆடு கத்தியதைக் கத்திக் காட்டுவான், அந்த ஆள் வாயைப் பிளந்துகொண்டு நின்றதை நின்று காட்டுவான். எகானெமும் சிரிப்பான். ஒரோக் சொன்ன எதற்கும் தம்பி அப்படிச் சிரித்ததில்லை. அதற்காகவே அவன் அதைத் திரும்பத் திரும்பச் சொன்னான் என்று நினைக்கிறேன்.

அந்த வருஷம் மெரிக் என்ற கேப்டன் பெரிய கப்பலோடு ஆற்றுக்குள் வந்தான். தம்பியின் மகனைப் படிக்கக் கூட்டிப் போனவன் அவன்தான். எங்கள் வழக்கம் எல்லோருக்கும் தெரிந்ததே. கப்பல்காரன் சரக்கை முன்கூட்டியே தந்துவிடுவான். ஆட்கள் வந்து சேரும் வரைக்கும் நம் வீட்டுப் பிள்ளை ஒன்று பிணையாகக் கப்பலில் இருக்க வேண்டும். பிணைப்பிள்ளைக்கு விலங்கு கிடையாது. மேல்தட்டில் ஓடியாடி விளையாடும், கேப்டன் மேசையில் மிச்சம் மீதி தின்னும், நாலு இங்கிலீஷ் வார்த்தை கற்றுக்கொள்ளும். ஆட்களை ஒப்படைத்ததும் வீடு திரும்பிவிடும். ஒரோக் எப்போதும் தன் அக்கா மகனைத்தான் பிணையாக விடுவான். இந்தத் தடவை எனாங்கைக் குளிப்பாட்டி எண்ணெய் தடவச் சொன்னதும் அவன் மனைவிகளில் எனாங்கைப் பெற்றவளான இக்வோ உலக்கையை நிறுத்தினாள்.

"எப்பவும் உங்க அக்கா மகனத்தான விடுவீங்க. இப்ப என்ன புதுசா?"

"அக்கா மகன விட்டா அக்கா மகனுக்கு உள்ள மரியாததான் கெடைக்கும். எகானெம் இந்தத் தடவ ரெண்டாவது மகன விடப்போறானாம். மெரிக்கு அவனயும் கூட்டிட்டுப் போயிப் படிக்க வப்பான். அப்புறம் அந்த வீட்டுல ரெண்டு சோடி செருப்பு நடக்கும்."

"நடந்துட்டுப் போகட்டும். உங்க தலயிலயா நடக்குது?"

"ஆமா. என் தலயிலதான் நடக்குது."

"நமக்கு இருக்கிறது ஒத்த ஆம்பளப் புள்ளதாங்க."

"அதனாலதான்டி மதிப்பு. முந்திக்கிட்டு நான் போய் விட்டுட்டு வந்துடறேன்."

இக்வோ மாவு படிந்த கையைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள். "உங்க தம்பி மேல இருக்கிற வயித்தெரிச்சலுக்கு எம் புள்ளய வெறகா வச்சுடாதீங்க" என்றாள். அவள் சொன்னால் கேட்கிற காது அன்றைக்கு அவனுக்கு இல்லை.

மெரிக் பையனைப் பார்த்தான். "சொந்த மகனா?" என்று கேட்டான். ஒரோக் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு ஆமாம் என்றான். மெரிக் பையனின் தாடையைப் பிடித்து நிமிர்த்திப் பல்லைப் பார்த்தான், தோளை அமுக்கினான், முதுகில் ஒரு தட்டுத் தட்டினான். அதே தாடை பிடிப்பதையும் பல் பார்ப்பதையும் ஒரோக் ஒவ்வொரு சந்தையிலும் செய்துகொண்டுதான் இருந்தான். அன்றைக்கு அது அவனுக்குப் பிரியமாகத் தெரிந்தது. மூன்று படகு கொள்ளாத சரக்கு இறங்கியது. ஒரோக் ஏணியில் இறங்கும்போது பீரங்கி முழங்கியது. ஒன்று, இரண்டு, மூன்று. அவன் படகில் உட்கார்ந்தான். நான்கு. ஐந்து.

அன்று அவன் படகு கரைக்கு வந்த விதத்தைப் பார்க்க வேண்டும். துடுப்புக்காரர்களை மெதுவாகப் போடச் சொல்லி, ஊர் முழுக்கப் பார்க்கும்படி நின்றுகொண்டே வந்தான். தம்பி வீட்டு மாடிச் சன்னலைப் பார்த்துத் தொப்பியைச் சரிசெய்தான். எல்லாப் பெண்டாட்டிகளுக்கும் புதுத் துணி கொடுத்தான். இக்வோ வாங்கவில்லை.

அந்த சந்தோஷம் இரண்டே நாள். மூன்றாம் நாள் காலை அவன் பல் துலக்கிக்கொண்டிருந்தபோது மெரிக்கின் கப்பலிலிருந்து முழக்கம் வந்தது. ஐந்தோடு நிற்கும் என்று நினைத்தான். ஆறு வந்தது. ஏழும் வந்தது. குச்சியைத் தூக்கி எறிந்துவிட்டுப் படித்துறைக்கு ஓடினான். எகானெம் படகிலிருந்து இறங்கிக்கொண்டிருந்தான்.

"என்னடா ஏழு?"

"நானும் வேணாம்னுதாண்ணே சொன்னேன். அவன் கேக்கல."

"உன் ரெண்டாவது மகன விட்டுட்டு வந்தியா?"

"இல்லண்ணே. விடுறேன்னுதான் கூட்டிட்டுப் போனேன். மெரிக்குதான் 'உனக்கெதுக்குய்யா பிணை, உன் வாய்ச்சொல்லு போதும்'னுட்டான். பையன் இதோ பின்னால வரான்." பிறகு அவனே கனிவாகச் சொன்னான்: "எனாங்கப் பாத்தேண்ணே. கேப்டன் தொப்பியப் போட்டுக்கிட்டுத் திரியறான். நல்லா இருக்கான்."

எகானெம் பெருமையடித்துக்கொண்டு சொல்லியிருந்தால்கூட ஒரோக் பொறுத்திருப்பான். அவன் சாதாரணமாகச் சொன்னான். ஒரோக் தன் ஒரே ஆண் பிள்ளையைக் கொடுத்து ஐந்து வாங்கினான். தம்பி ஒன்றும் கொடுக்காமல் ஏழு வாங்கிவிட்டு, பிள்ளையையும் கையைப் பிடித்துக் கூட்டி வருகிறான். அன்றைக்கு ஒரோக்குக்குச் சோறு இறங்கவில்லை. அதற்கடுத்த நாளும் இறங்கவில்லை. மேலாற்றுக்குப் போய் ஆள் வாங்க வேண்டியவன் படகை அவிழ்க்காமல் வீட்டிலேயே கிடந்தான்.

அப்போதுதான் அந்த எச்சில் தண்ணீர் விஷயம் நடந்தது. எங்கள் ஊரில் மன்னனுக்கும் மேலே ஒன்று உண்டென்றால் அது எக்பே, சிறுத்தைச் சங்கம். அதன் முரசு ஒருவன்மேல் விழுந்தால் அவனோடு யாரும் வாங்கக் கூடாது, விற்கக் கூடாது, அவன் பக்கம் துடுப்புப் போடக் கூடாது. அடுத்த எக்பே நாளில் சங்கம் கூடி முரசை இறக்கும் வரை அதுதான் சட்டம். மீறினால் தலை இருக்காது. சங்கத்துக் கொடி கட்டிய படகு ஒன்று மெரிக்கின் கப்பலை ஒட்டிப் போனபோது, கப்பல் சமையல்காரன் பார்க்காமல் கழுநீரைக் கொட்டிவிட்டான். கொடி நனைந்தது. இது ஒரு ஆடு, ஒரு பெட்டிச் சாராயத்தோடு முடிகிற சமாச்சாரம். சங்கத்தில் பெரியவர்கள் அப்படித்தான் பேசிக்கொண்டிருந்தார்கள். ஒரோக் எழுந்து நின்றான்.

"ஆட்டத் தின்னுட்டு எச்சிலத் தொடச்சிக்கிறதா? இன்னிக்குக் கொடி மேல கொட்டுனவன் நாளைக்கு நம்ம சிறுத்தை முகமூடி மேல கொட்டுவான். பணக்கார ஆளுங்க அவனுக்குக் கூட்டாளியா இருக்காங்கன்னு நாம வாய மூடிக்கணுமா?"

பணக்கார ஆள் யார் என்று அவன் சொல்லவில்லை, எல்லோருக்கும் தெரிந்தது. தம்பியைப் பார்த்து வயிறெரிந்தவன் அந்தச் சங்கத்தில் ஒரோக் ஒருவன் மட்டுமா என்ன? முரசு விழுந்தது.

அவன் போட்ட கணக்கு இதுதான். எகானெம் நாற்பது பேரைக் கொண்டுவந்து கொட்டடியில் கட்டி வைத்திருக்கிறான். முரசு இருக்கும் வரை ஒருவரையும் கப்பலில் ஏற்ற முடியாது. கெடு தப்பும், வாய்ச்சொல் நாறிப்போகும். ஏழு பீரங்கி மூன்றாகும். எனாங்குக்கு என்ன ஆகும் என்று அவன் நினைக்காமல் இல்லை. பிணைப்பிள்ளையை யாரும் தொட்டதில்லை என்று சமாதானம் சொல்லிக்கொண்டான். தொட்டதுண்டு, கெடு தப்பினால் கொண்டுபோய் விற்றதுண்டு. அது எங்கள் ஆற்றில் எல்லோரும் கேட்ட கதை. ஆனால் அதெல்லாம் மற்றவர்கள் வீட்டுப் பிள்ளைகள்.

இக்வோ கேட்டாள்: "அந்தக் கப்பல்ல யாரு இருக்கான்னு ஞாபகம் இருக்கா?"

"அடுத்த எக்பே நாள்ல நானே எழுந்து எறக்கச் சொல்லிடறேன். அதுக்குள்ள என்ன ஆயிடும்?"

அவள் ஆற்றங்கரைக்குப் போய் உட்கார்ந்துகொண்டாள். தூரத்தில் மேல்தட்டில் பெரிய தொப்பியோடு ஒரு சின்ன உருவம் கையை ஆட்டும். இவளும் ஆட்டுவாள். பக்கத்தில் போக முடியாது, சட்டம்.

நாலைந்து நாள் போனது. கப்பலுக்குக் குடிதண்ணீர் போகவில்லை, கிழங்கு போகவில்லை. ஒரு சாயங்காலம் எகானெம் ஒரோக்கின் வீட்டுக்கு வந்தான். கண்ணாடிச் சன்னல் வீட்டுக்காரன் மண்தரையில் வந்து உட்கார்ந்தான். ஒரோக் பாய்கூடப் போடச் சொல்லவில்லை. இந்தக் காட்சிக்காகத்தானே இத்தனை வருஷம் ஏங்கினான்.

"அண்ணே, பெரியவங்களப் பாத்து இன்னிக்கே முரச எறக்கச் சொல்லுங்க. நீங்க கேட்டாத்தான் எறக்குவாங்க."

"ஏன், உன் வாய்ச்சொல்லு கெட்டுப்போகுதா?"

"என் சொல்லு கெடக்கட்டும். இன்னொரு கப்பல்காரன் மூலமா மெரிக்கு சேதி அனுப்பியிருக்கான். காய்ச்சல்ல அவன் ஆளுங்க செத்துக்கிட்டே இருக்காங்களாம். எக்பே நாள் வரைக்கும் நிக்க மாட்டானாம். மேல்தட்டுல இருக்கிறதையும் சேத்துக்கிட்டுக் கெளம்பிடுவானாம்."

"மெரட்டுறான். நீயும் கூடச் சேந்துக்கிட்டு மெரட்டுற."

"என் நாப்பது பேருலருந்து எனாங்குக்குப் பதிலா எத்தன பேரு வேணுமோ எடுத்துக்குங்கண்ணே. திருப்பித் தர வேண்டாம். பையன மட்டும் எறக்கிடுவோம்."

எகானெம் நல்லவன். எங்கள் ஊரில் நல்லவன் என்று சொன்னால் எப்படியோ அப்படி. அவன் தாராளமாக எடுத்துக்கொள்ளச் சொன்னவர்கள் அந்த நேரம் கொட்டடியில் ஒரே சங்கிலியில் கிடந்தார்கள். ஒரோக்கின் காதில் 'திருப்பித் தர வேண்டாம்' மட்டும்தான் விழுந்தது. தம்பியின் தயவில் மகன் வீட்டுக்கு வருவான். பிறகு எனாங் நடக்கும் ஒவ்வொரு அடியும் எகானெம் கொடுத்ததாக இருக்கும். ஊர் சொல்லும், தம்பி மனசு பெரிசு என்று.

"உன் ஆளுங்கள ஏத்துறதுக்கு எம் மகன சாக்குச் சொல்லாத. எந்திரிச்சுப் போ."

"அண்ணே..."

"எட்டு நாள் மூத்தவன்டா நான். போ."

மறுநாள் காலை ஒரோக் நன்றாகத் தூங்கி எழுந்தான். கிழங்கும் மிளகுச்சாறும் முன்னால் வைத்திருந்தார்கள். முதல் வாய் வைக்கும்போது ஆற்றிலிருந்து பீரங்கி கேட்டது. பழக்கம் விடாது, எண்ணினான். ஐந்தைத் தாண்டியது. ஏழையும் தாண்டியது. ஒன்பதில் நின்றது. அவன் முகம் கறுத்துப்போனது.

"எவனுக்குடி ஒம்போது? அந்த எகானெமுக்கா?"

இக்வோ ஆற்றங்கரையிலிருந்து வந்து வாசலில் நின்றாள். தலைத்துணி அவிழ்ந்து கிடந்தது. "கப்பல் கெளம்பிடுச்சு" என்றாள். "மத்தக் கப்பலெல்லாம் வழியனுப்பி வெடி போடுறாங்க."

அவன் ஓடினான். ஆற்றின் வளைவில் மெரிக்கின் பாய்கள் மட்டும் தெரிந்தன. நல்ல காற்று இல்லை. இருபது துடுப்பு இறங்கினால் பிடித்துவிடலாம். "தள்ளுங்கடா" என்று கத்தினான். துடுப்புக்காரர்கள் தலையைக் குனிந்துகொண்டு நின்றார்கள். ஒருவனும் துடுப்பைத் தொடவில்லை.

"எசமான், முரசு இன்னும் எறங்கலைங்களே" என்றான் அவர்களில் மூத்தவன்.

அவனைக் காலால் உதைத்தான், துடுப்பைத் தூக்கித் தானே தள்ளினான். இருபது பேர் தள்ளும் படகு ஒருவனுக்கு அசையுமா? பாய்கள் மரங்களுக்குப் பின்னால் போன பிறகும் அவன் சேற்றில் நின்று தள்ளிக்கொண்டே இருந்தான். எகானெம் வந்து அணைத்துக் கூட்டிப் போனான். அதற்கும் அவனைத் திட்டினான்.

பிறகு ஒரோக் ரொம்ப காலம் இருந்தான். வருகிற கப்பலில் எல்லாம் ஏறிக் கேட்டான். ஒருவன் ஜமைக்கா என்பான், ஒருவன் கிரெனடா என்பான், ஒருவன் தோளைக் குலுக்குவான். மெரிக் இந்த ஆற்றுப் பக்கம் மறுபடி வரவேயில்லை. எகானெம் மகனைக் கொண்டு லிவர்பூலுக்குக் கடிதம் எழுதிப் பார்த்தான், பதில் இல்லை. நாற்பது பேரையும் ஒரு வாரத்தில் வேறு கப்பலில் ஏற்றினான். ஏழு வெடி வாங்கினான். இக்வோ தன் தாய்வீட்டுக்குப் போனவள் திரும்பவில்லை. ஆட்டுக்கிடாக் கதையை ஒரோக் எந்தக் கள்ளுக்கும் சொல்லவில்லை. ஒருவரும் கேட்கவும் இல்லை.

திருந்திவிட்டான் என்று சொல்ல எனக்கும் ஆசைதான். ஆனால் மழை விட்டதும் அவன் படகு மேலாற்றுக்குப் போனது. அந்த ஒரு வேலைதான் அவனுக்குத் தெரியும்.

அந்தச் சந்தையில் தாடைத் தழும்புக்காரன் இன்னும் கிழங்கு விற்றுக்கொண்டிருந்தான். ஒரோக்கின் படகு கட்டியதும் கூடையை வைத்துவிட்டுக் கரைக்கு வருவான். ஒரோக்கின் முகத்தை நேராகப் பார்ப்பான். 'உன் வம்சம் அத்துப் போவ' என்று சொல்லிக் காறித் துப்புவான். பிறகு எதையோ இறக்கி வைத்தவனாகத் திரும்பிப் போய்த் தன் சாப்பாட்டை அவிழ்த்துச் சாப்பிடுவான். ஒரோக் அவன் சாப்பிட்டு முடிக்கும் வரை பார்த்துக்கொண்டே இருப்பான். தம்பியின் மாடிப்படிக்கும் செருப்புக்கும் ஏழு வெடிக்கும் எரிந்ததைவிட அவன் வயிறு அப்போது அதிகமாக எரிந்தது.

"எசமான், வருஷா வருஷம் இதே பொழப்பா இருக்கான். அடிச்சுத் தொரத்திடட்டுமா?" என்று ஒரு தடவை துடுப்புக்காரன் கேட்டான்.

"விடுடா, துப்பிட்டுப் போகட்டும்" என்றான் ஒரோக். "துப்புறதுக்கு அவனுக்காவது ஒருத்தன் இருக்கான்."